இணக்கமும் நீதிமன்றத்தின் இசைவும்

இரு வணிகர் ஒரே வகைப் பண்டத்தை விற்கின்றனர். ஒருவரது வியாபாரக் குறியை மற்றவர் சிறிது மாற்றித் தம் பொதியில் அச்சிடுகின்றார். வழக்கு மன்றேறுகின்றது. ஆண்டுகள் கழிகின்றன, செலவு பெருகுகின்றது. ஈற்றில் இருவரும் இணங்குகின்றனர். எதிராளி அக்குறியைக் கைவிடுவார்; வழக்காளி நட்டஈடு கேளார். இதனைத் தாளில் எழுதிக் கையொப்பமிட்டால் போதாதோ? நீதிமன்றத்தின் இசைவு எதற்கு?

வெறும் உடன்படிக்கை மீறப்படின், மீறியவர்மீது புதிதாக ஒரு வழக்குத் தொடுத்தல் வேண்டும். நீதிமன்றம் ஏற்ற இணக்கமோ தீர்ப்பாணையாகின்றது. அதனையே நிறைவேற்றித் தருமாறு கேட்கலாம். சட்டத்துக்கு அமைந்த இணக்கத்தினால் வழக்குத் தீருமிடத்து, அதனை மன்றுக்கு அறிவித்தல் வேண்டும் என்றும், மன்று அதற்கேற்பத் தீர்ப்பாணை வழங்குதல் வேண்டும் என்றும் இலங்கையின் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 408ஆம் பிரிவு விதிக்கின்றது. சட்டத்துக்கு அமைந்த இணக்கம் என்பதை நேயர்கள் கருத்திற் கொள்க. சட்டம் விலக்கியதை இருவர் விரும்பினும் மன்று தன் ஆணையாக்குதல் இல்லை.

இணக்கம் அவ்விருவரை மட்டும் கட்டுப்படுத்துமாயின் நீதிபதியின் பணி எளிது. மன்றுக்கு வராத பல்லாயிரவரின் உரிமையையும் அது தொடுமாயின் யாது செய்வது? அமெரிக்காவில் ஒருவர் தம்மை ஒத்த அனைவருக்குமாக வழக்காடலாம். அத்தகைய வழக்கில் எட்டப்படும் இணக்கம் நியாயமானதா, போதியதா என நீதிபதி ஆராய்ந்த பின்னரே அது செல்லுபடியாகும். பதிப்புரிமை பற்றிய இரு வழக்குகள் இதனை நன்கு விளக்கும்.

முதலாவது, உலகெங்கும் பாடப்படும் ஆங்கிலப் பிறந்தநாள் வாழ்த்துப் பாட்டைப் பற்றியது. அதன் மெட்டு 1893ஆம் ஆண்டிலேயே அச்சேறியது. எனினும், பாட்டின் சொற்கள் தமக்கே உரியன என்று கூறி, வார்னர் சப்பல் என்னும் இசை வெளியீட்டு நிறுவனத்தார் திரைப்படங்களில் அதனைப் பயன்படுத்துவோரிடம் கட்டணம் பெற்று வந்தனர். 2013இல் ஆவணப்படத் தயாரிப்பாளர் ஒருவர் வழக்குத் தொடுத்தார். அந்நிறுவனத்துக்கு அச்சொற்களின்மீது செல்லுபடியான உரிமை இல்லையென 2015இல் நீதிபதி ஜோர்ஜ் கிங் தீர்த்தார். பின்னர் இரு பகுதியாரும் இணங்கினர். முன்னர்க் கட்டணம் செலுத்தியோருக்காக 14 மில்லியன் டொலர் வரை வழங்கவும், பாட்டைப் பொதுவுடைமையாக்கவும் உடன்பாடாயிற்று. 2016இல் மன்று இசைவளித்தது. வழக்காடாதோரும் அதனாற் பயன்பெற்றனர்.

மற்றைய வழக்கு வேறுவிதமாக முடிந்தது. நூலகங்களிலுள்ள நூல்களைக் கூகிள் நிறுவனம் படியெடுத்தமையை எதிர்த்து, 2005இல் நியூயோர்க்கில் எழுத்தாளர் சங்கமும் பதிப்பாளரும் வழக்கிட்டனர். 2008இல் 125 மில்லியன் டொலர் இணக்கம் ஒன்று எட்டப்பட்டது. ஆயின், 2011 மார்ச் 22ஆம் நாள் நீதிபதி டெனி சின் அதனை மறுத்தார். வேண்டாம் என்று அறிவித்து விலகாத ஆசிரியர் பலரது நூல்களை, அவர்தம் அனுமதியின்றியே அந்நிறுவனம் முழுமையாக விற்க அவ்விணக்கம் இடமளித்தது. உரிமையாளர் யாரென்று அறியப்படாத நூல்களும் அவற்றுள் அடங்கின. வாளாவிருத்தல் சம்மதமாகாது என்பதே பதிப்புரிமையின் அடிப்படை. 2012இல் பதிப்பாளர் கூகிளுடன் தனியே இணங்கினர். பிறரைக் கட்டுப்படுத்தாமையால் அதற்கு மன்றின் இசைவு வேண்டியிருக்கவில்லை. எழுத்தாளரின் வழக்கு மட்டும் தொடர்ந்தது. கூகிள் செய்தது நியாயமான பயன்பாடே என 2013இல் அதே நீதிபதி தீர்த்தார். 2015இல் மேன்முறையீட்டு மன்று அதனை உறுதிசெய்தது. இணங்கியிருந்தால் கிடைத்திருக்கக்கூடிய பணத்தை எழுத்தாளர் இழந்தனர். எனினும், மன்றுக்கு வராத ஆசிரியரின் உரிமை அவர் அறியாமலே கைமாறவில்லை.

வழக்கை நீட்டாது இணங்குதல் நன்றே. ஆயினும் இணங்குவோர் சிலராகவும், அதன் விளைவைத் தாங்குவோர் பலராகவும் இருத்தல் கூடும். அப்பலரின் பொருட்டே, கையொப்பமிட்ட தாளையும் நீதிபதி ஒருமுறை படித்துப் பார்க்கின்றார்.