கடைந்த கீரை ஏன் கறுத்தது?

பொங்கல் விடுமுறையில் புதுவைப் பெரிய மார்க்கெட்டுக்குப் போயிருக்கிறீர்களா? கரும்புக்கும் மஞ்சள் கொத்துக்கும் நடுவே அரைக்கீரை, சிறுகீரை, பாலக் எனக் கட்டுக்கட்டாகக் குவிந்திருக்கும். வாங்கும்போது கண்ணைப் பறிக்கும் பச்சை. விருந்து இலைக்கு வரும்போதோ சாணி நிறம்! இடையில் நடந்தது என்ன?

ஒரு சோதனை செய்வோம். பெரியவர் ஒருவரைத் துணைக்கு வைத்துக்கொள்ளுங்கள். மூன்று பாத்திரங்களில் ஒவ்வொரு டம்ளர் தண்ணீர் ஊற்றுங்கள். முதலாவது வெறும் நீர். இரண்டாவதில் அரை மூடி எலுமிச்சைச் சாறு. மூன்றாவதில் ஒரு சிட்டிகை சமையல் சோடா. எல்லாவற்றிலும் நாலைந்து கீரை இலைகளைப் போட்டு ஐந்து நிமிடம் கொதிக்க விடுங்கள். எலுமிச்சை நீரில் இலை பழுப்பாகிவிடும். சோடா நீரில் பளிச்சென்று பச்சையாக இருக்கும், ஆனால் குழைந்துபோகும்.

இலைக்கு நிறம் தருவது பச்சையம். 1817-இல் இதைப் பிரித்தெடுத்தவர்கள் பெல்லத்தியே, கவாந்து என்ற இரு பிரெஞ்சு வேதியியலறிஞர்கள். பச்சைய மூலக்கூறின் நடுவில் ஒரு மக்னீசியம் அணு உட்கார்ந்திருக்கிறது. அமிலத்தோடு சூடும் சேர்ந்தால் மக்னீசியம் வெளியேறி, அந்த இடத்தை ஹைட்ரஜன் பிடித்துக்கொள்கிறது. உடனே நிறம் பழுப்பாகிறது. கீரைக்குள்ளேயே சிறிது அமிலம் உண்டு. மூடி வேகவைத்தால், ஆவியோடு போகக்கூடிய அமிலமும் உள்ளேயே தங்கிவிடும். அதனால்தான் கீரையைத் திறந்து வைத்து, குறைந்த நேரம் வேகவைக்க வேண்டும்.

அப்படியானால் சோடா போடலாமே என்கிறீர்களா? வேண்டாம். அது வைட்டமின் சி-யையும் பி1-ஐயும் அழித்துவிடும்.

இனி விருந்துக்கான கடைசல். இரண்டு கட்டுக் கீரையைக் கழுவிய பிறகே நறுக்குங்கள். நறுக்கிவிட்டுக் கழுவினால் சத்து நீரோடு போய்விடும். பத்துச் சின்ன வெங்காயம், ஐந்து பல் பூண்டு, நான்கு பச்சை மிளகாய் ஆகியவற்றைச் சிறிது நீரில் வேகவைத்து, பிறகு கீரையைச் சேருங்கள். ஐந்தாறு நிமிடம் போதும். வெந்த பாசிப்பருப்பு ஒரு கைப்பிடி, உப்பு சேர்த்து மத்தால் கடையுங்கள். கடைசியில் அடுப்பை அணைத்துவிட்டு, அரை டம்ளர் கெட்டித் தேங்காய்ப்பால் ஊற்றிக் கலக்குங்கள்.

ஏன் கடைசியில்? தேங்காய்ப்பால் என்பது நீரில் மிதக்கும் நுண்ணிய கொழுப்புத் துளிகள். புரதம் அவற்றைப் போர்த்தியிருக்கிறது. கொதித்தால் அந்தப் போர்வை கலைந்து பால் திரிந்துவிடும். மிளகாயின் காரப்பொருள் நீரில் சரியாகக் கரையாது, கொழுப்பில் கரையும். அதனால் தேங்காய்ப்பால் காரத்தை அடக்கி ருசியாக்குகிறது. கீரையிலுள்ள கரோட்டினை உடல் ஏற்கவும் கொழுப்பு வேண்டும். அதிலிருந்துதான் பார்வைக்குத் தேவையான வைட்டமின் ஏ கிடைக்கிறது.

மேலே வடகம் தாளித்தால் மணக்கும். நம் ஊர் வடகம்தான் பிரெஞ்சுச் சமையலில் ‘வதுவான்’ ஆனது!

இன்னொன்று. 2019–21 தேசியக் குடும்பநல ஆய்வின்படி, இந்தியாவில் 15 முதல் 19 வயதுப் பெண்களில் 100-க்கு 59 பேருக்கு இரத்தசோகை. இரும்புச்சத்துக் குறைவு அதற்கு முக்கியக் காரணம். கீரையில் இரும்பு உண்டு; ஆனால் உடல் அதில் கொஞ்சத்தையே ஏற்கும். வைட்டமின் சி உடனிருந்தால் கூடுதலாக ஏற்கும். எலுமிச்சையோ நிறத்தைக் கெடுக்குமே? கவலை வேண்டாம். சாப்பிடும்போது இலையில் பிழிந்துகொள்ளுங்கள். அடுப்பில் கொதிக்காததால் நிறமும் தங்கும், வைட்டமினும் அழியாது. சாப்பிட்டவுடன் டீ குடிக்காதீர்கள். அது இரும்பைத் தடுக்கும். கீரை மட்டுமே இரத்தசோகையைப் போக்கிவிடாது. பள்ளியில் தரும் இரும்புச்சத்து மாத்திரையையும் தவறாமல் சாப்பிடுங்கள்.

கடைசியாக ஒரு கேள்வி: புளிச்சக்கீரையைத் திறந்து வைத்து வேகவைத்தாலும் பழுப்பாகிறதே, ஏன்? விடை அதன் பெயரிலேயே இருக்கிறது. யோசியுங்கள்!