கேரளத்தின் ஒலிம்பிக் பதக்கக்காரர்கள் இருவருமே கோல்கீப்பர்கள்… தெரியுமா?

கொச்சி மட்டாஞ்சேரியில் எந்தச் சந்துக்குள் நுழைந்தாலும் கால்பந்துதான் பேச்சு. உலகக் கோப்பை வந்துவிட்டால் அர்ஜென்டினா, பிரேசில் கொடிகள் வானத்தையே மறைக்கும். கொச்சி மட்டுமல்ல, கேரளமே அப்படித்தான். ஆனால் அந்தக் கால்பந்து பூமிக்கு ஒலிம்பிக் பதக்கம் வாங்கித் தந்த விளையாட்டு எது தெரியுமா? ஹாக்கி! ஒலிம்பிக் பதக்கம் வென்ற மலையாளிகள் இதுவரை இரண்டே பேர். இருவரும் ஹாக்கிக்காரர்கள், அதிலும் கோல்கீப்பர்கள்! 1984-இல் பி.டி. உஷாவுக்கே நூறில் ஒரு விநாடியில் கைநழுவிய பதக்கத்தை, பந்தைத் தடுப்பதையே தொழிலாகக் கொண்ட இருவர் கொண்டுவந்தார்கள்.

முதலாமவர் கண்ணூர்க்காரர் மானுவல் ஃபிரெடரிக். 1972 மியூனிக்கில் வெண்கலம். ஹெல்மெட் போடாமலேயே கோலில் நின்றவர்! ஹாக்கிப் பந்தும் கிரிக்கெட் பந்தும் ஏறத்தாழ ஒரே எடை, 160 கிராம் அளவில். அந்தப் பந்துக்கு முன்னால் வெறும் முகத்தோடு நின்ற இந்த மனிதருக்கு தயான்சந்த் விருது எப்போது கிடைத்தது தெரியுமா? 2019-இல். 47 வருஷம் கழித்து! இதை எழுதும்போதே மனசு கொதிக்கிறது.

இரண்டாமவர் பி.ஆர். ஸ்ரீஜேஷ். மட்டாஞ்சேரியிலிருந்து தோப்பும்படி, எர்ணாகுளம் தாண்டிக் கிழக்கே போனால் கிழக்கம்பலம். அங்கே ஒரு விவசாயக் குடும்பத்துப் பிள்ளை. திருவனந்தபுரம் ஜி.வி. ராஜா விளையாட்டுப் பள்ளிக்கு அவர் ஹாக்கி ஆடப் போகவே இல்லை என்றால் நம்புவீர்களா? முதலில் ஓட்டம், அப்புறம் நீளம் தாண்டுதல், அப்புறம் வாலிபால். பயிற்சியாளர் பார்த்துத்தான் கோலில் நிற்க வைத்தார். வந்தது சிக்கல்! மற்ற ஆட்டக்காரருக்கு ஒரு மட்டை போதும். கோல்கீப்பருக்கோ ஹெல்மெட், மார்புக் கவசம், கால் பேட், பாதத்துக்குக் கிக்கர், இரண்டு கைக்கும் இரண்டு விதமான கவசம். இத்தனைக்கும் காசு? அப்பா ரவீந்திரன் வீட்டுக் கறவை மாட்டை விற்றார்!

அந்தக் கவசத்துக்குள் இருப்பவரின் வேலையைக் கொஞ்சம் நெருங்கிப் பாருங்கள். கோல் 3.66 மீட்டர் அகலம், 2.14 மீட்டர் உயரம். பெனால்டி கார்னரில் டிராக் ஃபிளிக் அடிப்பவர் நிற்பது ஏறக்குறைய 15 மீட்டர் தூரத்தில். பந்து மணிக்கு 110 கிலோமீட்டருக்கு மேல் வந்தால் கோலைத் தொட அரை விநாடிகூட ஆகாது! அதற்குள் எந்தப் பக்கம் என்று கண்டுகொண்டு காலையோ கையையோ மட்டையையோ கொண்டுபோக வேண்டும். முன்னால் ஓடிவரும் சொந்த அணிக்காரர்களே பந்தை மறைப்பார்கள். ஷூட் அவுட் இன்னும் மோசம். 23 மீட்டர் கோட்டிலிருந்து ஒருவர் பந்தோடு கிளம்புவார். அவருக்கு எட்டே விநாடி. தடுக்க கோல்கீப்பர் ஒருவர்தான்!

2014 இன்சியான் ஆசிய விளையாட்டு இறுதியாட்டம் ஷூட் அவுட்டுக்குத்தான் போனது. எதிரில் பாகிஸ்தான்! ஸ்ரீஜேஷ் இரண்டைத் தடுத்தார், 4-2, தங்கம். 1998-இல் நம் தன்ராஜ் பிள்ளை தலைமையில் வென்ற பிறகு 16 ஆண்டு கழித்து வந்த தங்கம் அது. ரியோ ஒலிம்பிக்குக்கு நேரடி டிக்கெட்டும் கையோடு கிடைத்தது. ரியோவில் கேப்டனே அவர்தான்!

ஆனால் அவருடைய முதல் ஒலிம்பிக் எப்படி இருந்தது தெரியுமா? லண்டன் 2012. ஆடிய அத்தனை ஆட்டத்திலும் தோல்வி, பன்னிரண்டு அணிகளில் இந்தியாவுக்குக் கடைசி இடம். டோக்கியோவிலும் இரண்டாவது ஆட்டத்திலேயே ஆஸ்திரேலியா ஏழு கோல் போட்டது. அதே மனிதர் 2021 ஆகஸ்ட் 5 அன்று ஜெர்மனிக்கு எதிராக, 5-4 என்று இருந்தபோது, ஆட்டம் முடிய ஆறேழு விநாடி இருக்கையில் வந்த பெனால்டி கார்னரைத் தடுத்து நிறுத்தினார்! வி. பாஸ்கரன் தலைமையில் மாஸ்கோவில் வென்ற தங்கத்துக்குப் பிறகு 41 வருஷமாக ஹாக்கியில் ஒலிம்பிக் பதக்கமே பார்க்காத நாடு. சங்கு ஊதியதும் கோல் கம்பத்தின் மேலே ஏறி உட்கார்ந்துகொண்டார் ஸ்ரீஜேஷ்!

பாரீஸ் 2024 கதை அதையும் தூக்கிச் சாப்பிடும். இதுதான் கடைசிப் போட்டி என்று முன்கூட்டியே அறிவித்துவிட்டுத்தான் இறங்கினார். காலிறுதியில் பிரிட்டன். 17-வது நிமிடத்திலேயே அமித் ரோஹிதாஸுக்குச் சிவப்பு அட்டை. மீதி 40 நிமிடத்துக்கு மேல் பத்தே பேர்! அலை அலையாக வந்த தாக்குதலைத் தாங்கி 1-1 என்று முடித்து, ஷூட் அவுட்டில் 4-2! நான்கு நாள் கழித்து ஸ்பெயினை 2-1 என்று வென்று மறுபடியும் வெண்கலம். நிறைவு விழாவில் மனு பாக்கரோடு தேசியக் கொடி ஏந்தியதும் அவரே.

அவர் போட்ட 16-ஆம் எண் சட்டையை இனி இந்திய சீனியர் அணியில் யாருக்கும் தருவதில்லை என்று ஹாக்கி இந்தியா முடிவெடுத்தது. அவரோ ஓய்வெடுக்கவில்லை, ஜூனியர் அணியின் பயிற்சியாளர் ஆகிவிட்டார். 2025 டிசம்பரில் ஜூனியர் உலகக் கோப்பை வெண்கலப் பதக்க ஆட்டம் நம் சென்னை எழும்பூர் ராதாகிருஷ்ணன் மைதானத்தில் நடந்தது. எதிரில் அர்ஜென்டினா. மூன்று கால்பகுதி முடிந்தும் இந்தியா 0-2 என்று பின்தங்கியிருந்தது. கடைசிக் கால்பகுதியில் ஸ்ரீஜேஷின் பையன்கள் போட்டது எத்தனை தெரியுமா? நான்கு கோல்!