வெட்டித் தொடுக்கும் கலை

படம் பார்த்துத் திரும்புகிறவர்கள் நடிகரின் முகத்தையும் பாட்டின் மெட்டையும் மனத்தில் சுமந்து வருகிறார்களேயன்றி, அந்த முகத்தை எவ்வளவு நேரம் நாம் காணலாம், அடுத்து எதைக் காணவேண்டும் என்று நிர்ணயித்த படத்தொகுப்பாளரை நினைப்பதில்லை. அத்தகைய தொழிலிலிருந்து எழுந்து, மலாய்த் திரையுலகின் தலைசிறந்த இயக்குநர்களுள் ஒருவராக விளங்கியவர் உசேன் ஹனிஃப்.

ஐம்பதுகளிலும் அறுபதுகளிலும் ஜொகூர் ரசிகர்கள் கண்டு களித்த மலாய்ப் படங்களில் மிகப் பல, ஜொகூர் பாலத்துக்கு அக்கரையில் சிங்கப்பூரில் உருவானவை. ஷா சகோதரர்களின் படப்பிடிப்பு நிலையத்தோடு போட்டியிட்டு வளர்ந்தது கத்தே-கிரிஸ் நிலையம்; இரண்டிலும் ஆரம்பகால இயக்குநர் பலர் இந்தியாவிலிருந்து சென்றவர்கள். 1699-இல் கோத்தா திங்கியில் பல்லக்கில் சென்றபோது கொலையுண்ட ஜொகூர் சுல்தான் மாமூட்டின் சரித்திரத்தை, 1961-இல் கே. எம். பாஸ்கர் படமாக்கியதும் கத்தே-கிரிஸில்தான். அந்நிலையத்தில் தொகுப்பாளராக உழைத்தவர் ஹனிஃப்.

அக்காலத் தொகுப்பு வேலை கண்ணுக்கும் கைக்கும் கடும் பரீட்சை. 35 மில்லிமீட்டர் பிலிமில் ஓர் அடிக்கு 16 சட்டங்கள் (பிரேம்கள்). நொடிக்கு 24 சட்டங்கள் ஓட, ஆயிரம் அடிச் சுருள் பதினொரு நிமிஷத்தில் தீர்ந்துவிடும். மூவியோலா என்னும் தொகுப்புக் கருவியின் சின்னஞ்சிறு திரையில் உற்றுப் பார்த்து, பென்சிலால் குறியிட்டு, நறுக்கி, ஒட்டி, மறுபடி ஓட்டிப் பார்க்கையில், ஆறு சட்டம் கூடினாலோ குறைந்தாலோ கால் நொடி பிசகி, சோகம் நீர்த்துப்போவதும் கோபம் வலுவிழப்பதும் உண்டு.

இந்தப் பயிற்சியோடு அவர் 1961-இல் இயக்கிய முதற்படம் ‘ஹாங் ஜெபாட்’. குற்றமற்ற நண்பன் ஹாங் துவாவுக்கு மலாக்கா மன்னன் மரணதண்டனை விதித்தான் என்று கேட்டு ஜெபாட் கலகம் செய்கிறான். ரகசியமாக உயிர் பிழைத்திருந்த துவாவோ, ராஜவிசுவாசத்தின் பொருட்டு அந்த நண்பனையே கொல்கிறான். பணி மஜும்தார் 1956-இல் எடுத்த ‘ஹாங் துவா’வில் பி. ரம்லி ஏற்ற துவாவே நாயகன். ஹனிஃபோ அதே கதையை ஜெபாட்டின் பக்கமிருந்து சொல்லி, ராஜத்துரோகி என்று பழிக்கப்பட்டவனை அநீதியை எதிர்த்த வீரனாக நிறுத்தினார். யாருடைய வேதனையைக் காண நமக்கு அவகாசம் தரப்படுகிறதோ, அவர் பக்கமே நம் நெஞ்சு சாய்கிறது. தொகுப்பறையில் பழகியவருக்கு இந்தச் சூட்சுமத்தைச் சொல்லித் தரவேண்டியதில்லை.

தொகுப்பறையிலிருந்து இயக்குநராக எழுவது தமிழுக்கும் புதிதன்று. அதே 1961-இல் ‘பாசமலர்’ படத்தைத் தந்த இயக்குநர் பீம்சிங், கிருஷ்ணன்-பஞ்சுவிடம் தொகுப்பு உதவியாளராகத் தொடங்கியவர். அவர் மைந்தர் பி. லெனினும் தொகுப்புக் கலையில் பெரும்புகழ் ஈட்டினார்.

1962-இல் ‘டாங் அனோம்’ உள்ளிட்ட படங்களைத் தந்த ஹனிஃப், 1966-இல் இளவயதிலேயே காலமானார். இன்று கணினி வெட்டும் வேலையை எளிதாக்கிவிட்டது. எதை வைப்பது, எதை விடுவது என்னும் விவேகத்தை அது தருவதில்லை. ஆகவே, இயக்குநராக விரும்பும் நம் ஜொகூர் இளைஞர்கள் காமிராவைத் தேடி ஓடுமுன், சில காலம் ஒரு நல்ல தொகுப்பாளரின் அருகில் அமர்ந்து, பிறர் எடுத்த காட்சிகளைப் பொறுமையோடு பார்க்கக் கற்றுக்கொள்வார்களாக.