நெருக்கடியும் பங்கீட்டரிசியும்

அரசின் வருவாய் குன்றுங் காலமே மக்களின் தேவை பெருகுங் காலமுமாகும். சமூகநலத் திட்டங்களின் இடர்ப்பாடு இதுவே. கொரியப் போரின்போது உயர்ந்த இறப்பர் விலை பின்னர் வீழ்ந்தது. 1953 இல் இலங்கை அரசு, கொத்து 25 சதமாயிருந்த கூப்பன் அரிசியை 70 சதமாக்கிற்று. பாடசாலைப் பிள்ளைகளின் இலவச மதிய உணவையும் நிறுத்திற்று. ஆகஸ்ட் 12 ஆம் நாள் ஹர்த்தால் மூண்டது. ஒக்டோபரில் பிரதமர் டட்லி சேனநாயக்க பதவி துறந்தார்.

1979 இல் கூப்பனுக்குப் பதிலாக உணவு முத்திரை வந்தது. அதன் ரூபாய்ப் பெறுமதி மாறாதிருக்க, விலைவாசி ஏறிற்று. எண்பதுகளின் நடுப்பகுதிக்குள் அம்முத்திரை வாங்கிய உணவு ஏறக்குறைய அரைவாசியாயிற்று. 1953 இன் கிளர்ச்சி போன்றதொன்று இதற்கென எழவில்லை. குறைப்பதற்கு ஆணையெதுவும் பிறப்பிக்கப்படாமையால், எதிர்ப்பதற்கும் ஒன்று இருக்கவில்லை போலும்.