2 சதவீதப் பிள்ளைகள் 56 சதவீதமான பள்ளிகள்

செக் குடியரசின் கிழக்கே, போலந்து எல்லைக்கு அருகே ஆஸ்ட்ரவா என்றொரு நகரம். நிலக்கரிச் சுரங்கமும் இரும்பாலையும் வளர்த்த ஊர். 1990-களின் இறுதியில் அந்த நகரத்தின் வழக்கமான பள்ளிகளில் 33,372 பிள்ளைகள் படித்தார்கள். அவர்களில் ரோமா சமூகத்துப் பிள்ளைகள் 2.26 சதவீதம் மட்டுமே. அதே நகரில், அறிவுத்திறன் குறைபாடு உள்ள பிள்ளைகளுக்கென்று 'சிறப்புப் பள்ளிகள்' இருந்தன. அவற்றில் படித்த 1,360 பேரில் 762 பேர் ரோமா பிள்ளைகள். அதாவது 56 சதவீதம்.

ரோமா அல்லாத பிள்ளைகளில் நூற்றுக்கு இரண்டு பேர்கூடச் சிறப்புப் பள்ளிக்கு அனுப்பப்படவில்லை. ரோமா பிள்ளைகளிலோ பாதிப் பேர் அங்கே இருந்தார்கள். ஒரு சமூகத்துப் பிள்ளைகளில் பாதிப் பேருக்கு அறிவு குறைவு என்று சொன்னால் யார் நம்புவார்கள்? ஆனால் அந்த நகரம் நம்பியது. பல ஆண்டுகள் யாரும் கேள்வியும் கேட்கவில்லை.

இந்தக் கணக்கை நீதிமன்றத்தின் முன் வைத்தபோது, மனித உரிமைச் சட்டத்தில் 'பாகுபாடு' என்ற சொல்லுக்கு இருந்த பொருளே விரிந்தது. அந்த வழக்கின் கதை நமக்கும் தேவையானது.

யார் இந்த ரோமா?

ஐரோப்பா முழுவதும் பரவி வாழும் சமூகம் ரோமா. அவர்கள் பேசும் மொழி நம் நாட்டு இந்தி, பஞ்சாபி போன்ற மொழிகளின் குடும்பத்தைச் சேர்ந்தது. சுமார் ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பு வட இந்தியப் பகுதியிலிருந்து மேற்கே சென்றவர்கள் என்பது மொழியியலாளர்களின் முடிவு. போன இடத்தில் அவர்களுக்குக் கிடைத்தது ஊர் ஓரக் குடியிருப்பும், இழிசொல்லும், சந்தேகப் பார்வையும். நாஜிகளின் கொலை முகாம்களுக்கும் அவர்கள் தப்பவில்லை. பிறப்பை வைத்தே ஒருவரை எடைபோடும் வழக்கம் நமக்குப் புதிதல்ல. அதன் ஐரோப்பிய முகத்தை ரோமா மக்கள் அறிவார்கள்.

விதியில் குற்றம் இல்லை

செக் நாட்டுச் சட்டத்தில் 'ரோமா பிள்ளைகளைச் சிறப்புப் பள்ளிக்கு அனுப்பு' என்று எங்கும் எழுதியிருக்கவில்லை. விதி எல்லோருக்கும் ஒன்றுதான். பிள்ளைக்கு உளவியல் தேர்வு நடக்கும். முடிவைப் பார்த்துத் தலைமையாசிரியர் தீர்மானிப்பார். பெற்றோர் சம்மதக் கையெழுத்துப் போட வேண்டும்.

காகிதத்தில் எல்லாம் ஒழுங்காக இருந்தது. நடைமுறை வேறு. தேர்வுகள் பெரும்பான்மைச் சமூகத்தின் மொழியையும் வாழ்க்கையையும் மனதில் வைத்துத் தயாரிக்கப்பட்டவை. வீட்டில் வேறு மொழி பேசி, படம் போட்ட புத்தகத்தைக் கண்ணால் பார்த்திராத ஆறு வயதுப் பிள்ளை அதில் தடுமாறினால் 'அறிவு குறைவு' என்று முத்திரை விழுந்தது. முன்கூட்டியே நிரப்பிவைத்த படிவத்தில் கையெழுத்துப் போட்ட பெற்றோர் உண்டு. வழக்கமான பள்ளியில் மற்ற பிள்ளைகள் கேலி செய்வார்கள், அடிப்பார்கள் என்று பயந்து தாமாகச் சம்மதித்தவர்களும் உண்டு. அந்தப் பள்ளிகளில் பாடத்திட்டம் எளிமையாக்கப்பட்டது. படித்து வெளியே வருபவருக்குத் தொழிற்பயிற்சியைத் தாண்டிப் பெரிதாக வழி இல்லை. ஆறு வயதில் போட்ட ஒரு கையெழுத்து வாழ்நாளைத் தீர்மானித்தது.

1996-க்கும் 1999-க்கும் இடையில் இப்படி அனுப்பப்பட்ட 18 ரோமா பிள்ளைகள் சார்பில் வழக்குப் போடப்பட்டது. புடாபெஸ்ட்டில் இயங்கிய ஐரோப்பிய ரோமா உரிமைகள் மையம் துணை நின்றது. 1999 அக்டோபரில் செக் அரசியல் சாசன நீதிமன்றம் கைவிரித்தது. தனி வழக்கில் விதி சரியாகப் பின்பற்றப்பட்டதா என்றுதான் பார்க்க முடியும், ஒட்டுமொத்தச் சமூக நிலையை ஆராய்வது தன் வேலையல்ல என்பது அதன் நிலைப்பாடு.

முதலில் தோல்வி

2000-ஆம் ஆண்டு வழக்கு பிரான்சின் ஸ்ட்ராஸ்பர்க் நகரில் உள்ள ஐரோப்பிய மனித உரிமைகள் நீதிமன்றத்துக்குப் போனது. 1950-இல் ரோம் நகரில் கையெழுத்தான ஐரோப்பிய மனித உரிமை உடன்படிக்கையை அரசுகள் மீறினால், அந்த நாட்டுக் குடிமகன் நேரடியாகப் போய் நிற்கக்கூடிய நீதிமன்றம் அது.

உடன்படிக்கையின் 14-வது பிரிவு, உரிமைகளை அனுபவிப்பதில் இனம், நிறம், மொழி, மதம், பிறப்பு போன்ற எதன் பெயராலும் பாகுபாடு கூடாது என்கிறது. ஆனால் எது பாகுபாடு? வேண்டுமென்றே ஒதுக்கினால் மட்டும்தானா? நோக்கம் இல்லாமல் விளைவு மட்டும் ஒருதலையாக இருந்தால்? உடன்படிக்கை அதைச் சொல்லவில்லை.

2001-இல் வட அயர்லாந்துத் துப்பாக்கிச் சூடு தொடர்பான வழக்கில் இதே நீதிமன்றம், புள்ளிவிவரம் மட்டுமே பாகுபாட்டை நிரூபித்துவிடாது என்று சொல்லியிருந்தது. 2006 பிப்ரவரியில் ஏழு நீதிபதிகள் அமர்வும் அதே வழியில் சென்றது. ஆறுக்கு ஒன்று என்ற கணக்கில் ரோமா பிள்ளைகள் தோற்றார்கள். இந்தப் பிள்ளைகளை இனத்தின் பேரால்தான் ஒதுக்கினார்கள் என்பதற்குத் தனித்தனி ஆதாரம் இல்லை என்றது தீர்ப்பு.

பிள்ளைகள் தரப்பு விடவில்லை. வழக்கு 17 நீதிபதிகள் கொண்ட பேரமர்வுக்குப் போனது.

2007: பொருள் விரிந்த நாள்

2007 நவம்பர் 13 அன்று பேரமர்வு தீர்ப்பளித்தது. 13 நீதிபதிகள் பிள்ளைகள் பக்கம், 4 பேர் எதிர்ப்பக்கம். அந்தத் தீர்ப்பு சொன்னதை நான்கு விஷயங்களாகச் சுருக்கலாம்.

முதலாவது, பார்வைக்கு நடுநிலையான விதியும் ஒரு சமூகத்தை மட்டும் பெரிதாகப் பாதித்தால் அது பாகுபாடுதான். இதைச் சட்ட மொழியில் மறைமுகப் பாகுபாடு என்பார்கள். அதிகாரியின் மனதில் வெறுப்பு இருந்தது என்று நிரூபிக்க வேண்டியதில்லை.

இரண்டாவது, நம்பத்தகுந்த புள்ளிவிவரம் ஆதாரமாகும். ஆஸ்ட்ரவா கணக்கு, தலைமையாசிரியர்களுக்கு வினாப் படிவம் அனுப்பித் திரட்டப்பட்டது. அது துல்லியமல்ல என்று அரசு வாதிட்டது. ஆனால் அரசிடம் வேறு கணக்கு இல்லை. எண்கள் முழுத் துல்லியமாக இல்லாவிட்டாலும் போக்கு தெளிவாகத் தெரிகிறது என்று நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது.

மூன்றாவது, இப்படி முதல்நிலைச் சான்று காட்டப்பட்ட பிறகு நிரூபிக்கும் பொறுப்பு அரசுடையது. 'இது பாகுபாடுதான்' என்று ஏழைத் தாய் நிரூபிக்க வேண்டியதில்லை. 'இது பாகுபாடு அல்ல' என்று அரசு நியாயமான காரணம் காட்ட வேண்டும். செக் அரசால் காட்ட முடியவில்லை.

நான்காவது, பெற்றோர் கையெழுத்து. மாற்று வழி என்ன, விளைவு என்ன என்று யாரும் விளக்காத நிலையில், ஒடுக்கப்பட்டு, படிப்பும் குறைவாக உள்ள பெற்றோர் போட்ட கையெழுத்தை முழு விவரம் அறிந்து தந்த சம்மதமாகக் கொள்ள முடியாது என்றது நீதிமன்றம். அதற்கும் மேலே போய், இனப் பாகுபாட்டுக்கு உள்ளாகாமல் இருக்கும் உரிமையை யாரும் எழுதிக்கொடுத்து விட்டுவிட முடியாது என்றும் சொன்னது. 'நீயே ஒத்துக்கொண்டாயே' என்ற பழைய பதில் அங்கே செல்லவில்லை.

சட்டத்தை யார் எழுதுகிறார்கள்?

நீதிபதிகள் உடன்படிக்கையில் ஒரு எழுத்தையும் மாற்றவில்லை. 14-வது பிரிவு 1950-இல் எழுதியபடியேதான் இருக்கிறது. மாறியது வாசிப்பு. நீதிபதிகள் சட்டம் இயற்றலாமா என்ற கேள்வி இங்கேதான் எழுகிறது.

இதற்கு அந்த நீதிமன்றத்திடம் பழைய பதில் உண்டு. உடன்படிக்கை உயிருள்ள ஆவணம், இன்றைய நிலைமையின் வெளிச்சத்தில் அதைப் படிக்க வேண்டும் என்று 1978-லேயே அது சொல்லிவிட்டது. உரிமை என்பது ஏட்டில் இருந்தால் போதாது, கைக்கு எட்ட வேண்டும் என்று 1979-இல் ஒரு ஐரிஷ் பெண்ணின் வழக்கில் சொன்னது.

மேலும், நீதிபதிகள் மனம்போன போக்கில் பொருள் சொல்லிவிடவில்லை. ஐரோப்பிய ஒன்றியத்தின் சமத்துவ விதிகளைப் பார்த்தார்கள். இனப் பாகுபாட்டுக்கு எதிரான ஐ.நா. குழுவின் விளக்கத்தைப் பார்த்தார்கள். 1971-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் அளித்த கிரிக்ஸ் தீர்ப்பும் அவர்கள் முன் இருந்தது. வட கரோலினா மின் நிறுவனம் ஒன்று, வேலைக்குத் தேவையில்லாத பள்ளிச் சான்றிதழையும் தேர்வையும் வைத்துக் கறுப்பினத் தொழிலாளர்களை மேலே வரவிடாமல் தடுத்தது. நோக்கம் எதுவானாலும் விளைவு ஒதுக்கலாக இருந்தால் அது செல்லாது என்றது அந்தத் தீர்ப்பு. ஓரிடத்தில் ஒடுக்கப்பட்டவர் பெற்ற நியாயம் இன்னோரிடத்தில் இன்னொருவருக்கு ஊன்றுகோலானது. சர்வதேசச் சட்டம் ஒப்பந்தம் எழுதும் மேசையில் மட்டுமல்ல, இப்படி வழக்கு வழக்காகவும் வளர்கிறது.

2010-இல் குரோஷியாவின் ரோமா வகுப்பறைகள் குறித்த வழக்கில் 9-க்கு 8 என்று நூலிழையில் வெற்றி கிடைத்தது. 2013-இல் ஹங்கேரி வழக்கில் நீதிமன்றம் ஒரு படி மேலே போனது. பழைய ஒதுக்கலின் தழும்பு தொடராமல் தடுக்க அரசு தானே முன்வந்து செயல்பட வேண்டும் என்றது.

தீர்ப்புக்குப் பிறகு

வழக்குப் போட்ட ஒவ்வொருவருக்கும் 4,000 யூரோ இழப்பீடு கிடைத்தது. ஆனால் அவர்களின் பள்ளிப் பருவம் போனது போனதுதான். 'சிறப்புப் பள்ளி' என்ற பெயரைச் செக் சட்டம் தீர்ப்புக்கு முன்பே நீக்கிவிட்டது. பெயர்ப் பலகை மாறியதே தவிர, பல இடங்களில் பள்ளியும் பாடமும் பழையபடியே தொடர்ந்தன. 2014-இல் ஐரோப்பிய ஒன்றியம் தனியே நடவடிக்கை தொடங்கியது. 2016-இல்தான் பெரிய சட்டத் திருத்தம் வந்தது. தீர்ப்பு வந்து 15 ஆண்டு கடந்த பின்னும் அதன் நிறைவேற்றம் கண்காணிப்பில்தான் இருந்தது. நீதிமன்றம் சொல்லுக்குப் பொருள் தரலாம். வகுப்பறைக் கதவைத் திறக்க அரசும் ஊரும் மனம் வைக்க வேண்டும்.

நமக்கு என்ன?

ஆசியாவில் இப்படியொரு பொது மனித உரிமை நீதிமன்றம் கிடையாது. 1993-ஆம் ஆண்டு மனித உரிமைகள் பாதுகாப்புச் சட்டத்தின் 30-வது பிரிவு, மாவட்டந்தோறும் ஒரு செஷன்ஸ் நீதிமன்றத்தை மனித உரிமை நீதிமன்றமாக அறிவிக்க வழி செய்கிறது. ஆனால் அது நம் நாட்டுச் சட்டத்துக்கு உட்பட்டது.

1965-இல் ஐ.நா. ஏற்ற இனப் பாகுபாடு ஒழிப்பு உடன்படிக்கையில் 'வம்சாவளி' என்ற சொல்லைச் சேர்க்கச் சொன்னது இந்தியாதான். பின்னாளில் அந்தச் சொல் சாதியைக் குறிக்காது என்று வாதிட்டதும் இந்தியாதான். ஐ.நா. குழு அதை ஏற்கவில்லை. சாதியும் வம்சாவளியில் அடங்கும் என்று 2002-இல் விரிவான விளக்கம் வெளியிட்டது. ஆனாலும் அந்தக் குழுவிடம் தனிநபர் புகார் அளிக்கும் வழியை இந்தியா திறந்துவிடவில்லை.

என்றாலும் கருத்துக்குக் கடவுச்சீட்டு தேவையில்லை. 2021-இல் ராணுவப் பெண் அதிகாரிகள் வழக்கில் நம் உச்ச நீதிமன்றம் கிரிக்ஸ் தீர்ப்பை எடுத்துக்காட்டி, மறைமுகப் பாகுபாடும் அரசியல் சாசனத்துக்கு விரோதம் என்றது. 2024 அக்டோபரில் சிறைகளில் சாதி பார்த்து வேலை ஒதுக்கும் விதிகளைச் செல்லாது என்று அறிவித்தது. பாளையங்கோட்டை மத்திய சிறையில் கைதிகளைச் சாதிவாரியாகப் பிரித்து அடைத்ததும் அந்த வழக்கில் பேசப்பட்டது.

இனி நம் பக்கத்துக் கணக்கைப் பார்ப்போம். கழிவுநீர்த் தொட்டி சுத்தம் செய்யும் வேலைக்கு எந்தச் சாதியையும் எந்த விதியும் குறிப்பிடுவதில்லை. ஆனால் மத்திய அரசின் நமஸ்தே திட்டத்தில் 2024 வரை பதிவான சுமார் 38,000 தொழிலாளர்களில் ஏறத்தாழ 69 சதவீதம் பேர் பட்டியல் சாதியினர். 2011 மக்கள்தொகைக் கணக்குப்படி நாட்டில் பட்டியல் சாதியினர் 16.6 சதவீதம்தான். 'யாரும் கட்டாயப்படுத்தவில்லையே, அவர்களாகத்தானே வருகிறார்கள்' என்பது நாம் கேட்டுப் பழகிய பதில். ஆஸ்ட்ரவா பெற்றோரின் கையெழுத்தைக் காட்டிச் செக் அரசு சொன்ன பதிலும் அதுதான்.

சாதி பார்த்தோம் என்று எந்த அதிகாரியும் கோப்பில் எழுதிவைக்கப் போவதில்லை. எண்கள் மறைப்பதில்லை. எந்தப் பள்ளியில் யார் பிள்ளைகள் படிக்கிறார்கள், எந்த வேலையில் யார் இருக்கிறார்கள், எந்தத் தெருவரை குடிநீர்க் குழாய் வந்து நிற்கிறது என்பதைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் ஒரு மனுப் போட்டுக் கேட்கலாம். ஆஸ்ட்ரவாவில் தலைமையாசிரியர்களுக்குப் போன வினாப் படிவங்கள்தான் ஸ்ட்ராஸ்பர்க்கில் 17 நீதிபதிகள் முன் சாட்சி சொல்லின. நம் ஊர்க் கணக்கை நாம்தான் எண்ண வேண்டும்.