சுமை தூக்கும் கைகளுக்கு ஒரு சான்று

சென்னையிலிருந்து பெங்களூரு செல்லும் நெடுஞ்சாலையில் ஸ்ரீபெரும்புதூரை நெருங்கும்போது, சன்னல்களற்ற நீண்ட கட்டடங்கள் வரிசையாகக் கண்ணில் படுகின்றன. ஒரகடத்திலும் செங்குன்றத்தைச் சுற்றியும் ஒசூரிலும் இதே காட்சிதான். வெளியிலிருந்து பார்ப்பவருக்கு அவை வெறும் தகரக் கூரைகள். ஆனால், நாம் வாங்கும் மாத்திரை, பற்பசை, காலணி, கைப்பேசி எனப் பெரும்பாலான பொருள்கள் இத்தகைய கூரைகளின்கீழ் சில நாள்களேனும் தங்கிய பிறகே நம் வீட்டுக்கு வருகின்றன. அங்கே அவற்றை இறக்கி, எண்ணி, அடுக்கி, எடுத்து, ஏற்றி அனுப்பும் தொழிலாளரைப் பற்றி நாம் அதிகம் பேசுவதில்லை.

இந்தக் கிடங்குகள் இவ்வளவு பெரிதாக வளர்ந்ததற்கு ஒரு வரி மாற்றம் முக்கியக் காரணம். ஒரு மாநிலத்திலிருந்து இன்னொரு மாநிலத்துக்குப் பொருளை விற்றால் முன்பு மத்திய விற்பனை வரி செலுத்த வேண்டும். தன் சொந்தக் கிடங்குக்கு அனுப்பி அங்கிருந்து விற்றால் அந்த வரி இல்லை. எனவே நிறுவனங்கள் மாநிலத்துக்கு ஒன்றாகச் சிறுசிறு கிடங்குகளை வைத்திருந்தன. 2017 ஜூலை 1-ஆம் தேதி சரக்கு மற்றும் சேவை வரி நடைமுறைக்கு வந்ததும் அந்தத் தேவை மறைந்தது. சிறு கிடங்குகளை மூடிவிட்டு, சில இடங்களில் மட்டும் பெருங்கிடங்குகளை அமைப்பது லாபகரமாயிற்று. அதே ஆண்டு நவம்பரில் சரக்குப் போக்குவரத்துத் துறைக்கு உள்கட்டமைப்புத் தகுதியை மத்திய அரசு வழங்கியதால் கடன் பெறுவதும் எளிதானது. 2022 செப்டம்பரில் தேசிய சரக்குப் போக்குவரத்துக் கொள்கை வந்தது. திருவள்ளூர் மாவட்டம் மப்பேட்டில் பன்முகச் சரக்குப் பூங்கா திட்டமிடப்பட்டது. இணையவழி வணிகம் இந்த வளர்ச்சிக்கு மேலும் வேகம் கூட்டியது.

கட்டடங்கள் மாறிவிட்டன, கருவிகள் மாறிவிட்டன. தொழிலாளியைத் தயார்ப்படுத்தும் முறை மட்டும் அதே வேகத்தில் மாறவில்லை.

பழைய குடோனில் வேலை செய்ய வலுவான தோளும், மேஸ்திரியின் சொல்லைக் கேட்கும் காதும் போதும் என்று கருதப்பட்டது. எந்த மூட்டை எங்கே இருக்கிறது என்பது கணக்குப்பிள்ளையின் நினைவில் இருந்தது. இன்றைய கிடங்கில் அந்த நினைவு கணினிக்குள் இருக்கிறது. ஒவ்வொரு ரேக்குக்கும், அதன் ஒவ்வொரு தட்டுக்கும் ஒரு முகவரி உண்டு. தொழிலாளி கையில் உள்ள ஸ்கேனரால் பெட்டியின் பார்கோடையும் தட்டின் பார்கோடையும் படிக்கச் செய்தால்தான் அந்தப் பெட்டி அங்கே இருப்பதாகக் கணினி நம்பும். பெட்டியை ஒரு தட்டு தள்ளி வைத்துவிட்டால் அது தொலைந்த பொருளுக்குச் சமம். கண்ணெதிரே இருந்தாலும் கணினியின் கணக்கில் இராது.

ஆகவே கிடங்கு வேலை இன்று வெறும் உடலுழைப்பு அன்று. மூன்று எடுத்துக்காட்டுகள் போதும்.

முதலாவது, மருந்துக் கிடங்கு. முதலில் வந்ததை முதலில் அனுப்பு என்பது கிடங்கின் பழைய விதி. மருந்துக்கு அது பொருந்தாது. பின்னால் வந்த பெட்டியின் காலாவதி நாள் முன்னதாக இருக்கலாம் என்பதால், முதலில் காலாவதியாவதை முதலில் அனுப்ப வேண்டும். தடுப்பூசிகளில் பெரும்பாலானவற்றை 2 முதல் 8 டிகிரி செல்சியஸ் வெப்பத்தில் வைக்க வேண்டும். வெப்பம் கூடினால் கெடும் என்பது எல்லோருக்கும் தெரியும். முத்தடுப்பு ஊசி போன்ற சில மருந்துகள் உறைந்துபோனாலும் பயனற்றுப்போகும் என்பது கற்றுக்கொடுத்தால்தான் தெரியும். 'குளிர்ச்சியாக இருந்தால் நல்லதுதானே' என்று உறைபெட்டிக்கு அருகில் வைக்கும் தொழிலாளி அக்கறையற்றவர் அல்லர். அவருக்கு யாரும் சொல்லித்தரவில்லை.

இரண்டாவது, ஃபோர்க்லிஃப்ட் என்னும் சுமைதூக்கி வண்டி. 2 டன் தூக்கும் என்று அதன் மீது எழுதியிருந்தால், எந்த 2 டன்னையும் தூக்கும் என்று பொருளன்று. சுமையின் எடைமையம் முள்கரத்தின் அடியிலிருந்து பொதுவாக 500 மில்லிமீட்டர் தொலைவுக்குள் இருந்தால்தான் அந்தக் கணக்கு பொருந்தும். ஏற்றப்பலகையில் கனமானவர் நுனிக்கு நகர்ந்தால் மறுபக்கம் மேலெழுவதைப் போல, நீளமான சுமையை ஏற்றினால் வண்டியின் பின்பக்கம் எழும்பும். சுமையை உயர்த்தியபடி திரும்பினால் வண்டி பக்கவாட்டில் சாயும். அப்படிச் சாயும்போது வெளியே குதிக்கத் தோன்றுவது மனித இயல்பு. குதித்தவரின் மீதே வண்டியின் மேற்கூரைச் சட்டம் விழும் ஆபத்து உண்டு. இருக்கைப் பட்டையுடன் உள்ளேயே இருந்து, கைப்பிடியை இறுகப் பற்றி, சாயும் திசைக்கு எதிராக உடலைச் சாய்ப்பதே உயிர் காக்கும் வழி. இயல்பான உணர்வுக்கு எதிரான இந்தப் பாடத்தை ஒருவர் விபத்து நடக்கும் நொடியில் கற்க முடியாது.

மூன்றாவது, கையால் தூக்கும் சுமை. அமெரிக்காவின் பணிநலப் பாதுகாப்பு ஆய்வு நிறுவனம், எல்லாச் சூழ்நிலைகளும் சாதகமாக இருக்கும்போதுகூட ஒருவர் தூக்கப் பரிந்துரைக்கும் அளவு 23 கிலோதான். நம் நாட்டில் ஒரு சிமெண்ட் மூட்டை 50 கிலோ. எதை இருவராகத் தூக்க வேண்டும், எதற்குக் கைவண்டியைப் பயன்படுத்த வேண்டும், எடுக்கும்போது உடலை எப்படித் திருப்பக் கூடாது என்பவை ஒரு தொழிலாளியின் முதுகெலும்பு 40 வயதில் எப்படி இருக்கும் என்பதைத் தீர்மானிக்கும் விஷயங்கள்.

இவற்றையெல்லாம் யார் கற்றுத்தர வேண்டும்? சிக்கல் இங்கேதான் தொடங்குகிறது. பெரும்பாலான கிடங்குகளில் பொருள் ஒருவருடையது. கிடங்கை நடத்துவது இன்னொரு நிறுவனம். ஆள்களை அனுப்புவது ஓர் ஒப்பந்ததாரர். பொருளின் உரிமையாளருக்குத் தொழிலாளியின் பெயரே தெரியாது. கிடங்கு நடத்துபவரோ, 'பயிற்சி கொடுத்தால் அடுத்த கிடங்குக்கு ஐந்நூறு ரூபாய் கூடுதலுக்குப் போய்விடுவார்' என்கிறார். ஒப்பந்ததாரருக்கு ஆள் கணக்கு முக்கியமே தவிர, ஆளின் திறன் முக்கியமன்று. நாள்கூலி பெறும் தொழிலாளிக்கோ ஒரு நாள் வகுப்பில் உட்கார்ந்தால் ஒரு நாள் கூலி போகும். நால்வருக்கும் பயிற்சி தேவை என்பதில் ஐயமில்லை. அதற்குச் செலவு செய்ய வேண்டிய அவசரம் நால்வரில் எவருக்கும் இல்லை.

பொருளாதார அறிஞர் கேரி பெக்கர் 1964-இல் மனித மூலதனம் பற்றி எழுதிய நூலில் இந்தச் சிக்கலை விளக்கினார். ஒரு நிறுவனத்துக்கு மட்டும் பயன்படும் பயிற்சிக்கு நிறுவனம் செலவிடும். எங்கும் பயன்படும் பொதுப் பயிற்சிக்குச் செலவிடத் தயங்கும். அப்படியானால் பயன்பெறும் தொழிலாளியே குறைந்த ஊதியத்தை ஏற்று அதற்கான விலையைக் கொடுப்பார் என்பது அவருடைய வாதம். ஸ்கேனரைக் கையாள்வதும் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுவதும் எந்தக் கிடங்கிலும் பயன்படும் பொதுத் திறன்களே. ஆனால், அன்றாடக் கூலியில் அடுப்பெரிக்கும் குடும்பம் எதைக் குறைத்துக்கொண்டு அந்த விலையைக் கொடுக்கும்? ஆகவே சந்தை தானாகவே இதைச் சரிசெய்துவிடும் என்று காத்திருப்பதில் பயனில்லை.

அரசிடம் திட்டங்கள் இல்லாமல் இல்லை. சரக்குப் போக்குவரத்துத் துறைக்கான திறன் மன்றத்தின் தலைமையகம் சென்னையிலேயே இருக்கிறது. கிடங்கின் பல்வேறு பணிகளுக்கும் அது தகுதித் தரங்களை வகுத்திருக்கிறது. 2015-இல் தொடங்கிய பிரதமரின் திறன் மேம்பாட்டுத் திட்டத்தில், அனுபவத்தால் கற்றதைச் சோதித்துச் சான்றளிக்கும் பிரிவு உண்டு. தொழில் பழகுநர் விதிகளின்படி 30 அல்லது அதற்கு மேற்பட்டோர் பணிபுரியும் நிறுவனங்கள், ஒப்பந்தப் பணியாளரையும் சேர்த்து மொத்த எண்ணிக்கையில் 2.5 முதல் 15 விழுக்காடு வரை பழகுநர்களைச் சேர்த்துக்கொள்ள வேண்டும். அவர்களுடைய உதவித்தொகையில் 25 விழுக்காட்டை, மாதம் 1,500 ரூபாய் என்ற உச்சவரம்புடன், மத்திய அரசு ஏற்கிறது. தமிழக அரசின் 'நான் முதல்வன்' திட்டம் 2022 மார்ச் 1 முதல் மாணவர்களுக்கு வழிகாட்டி வருகிறது.

இவை நல்ல முயற்சிகள். ஆனால், இவற்றில் பெரும்பாலானவை வேலைக்கு வரவிருக்கும் இளைஞரை நோக்கியவை. இருபது ஆண்டுகளாக மூட்டை தூக்கி, முழங்கால் தேய்ந்து, இனி என்ன செய்வது என்று நிற்கும் தொழிலாளிக்கு இந்த வரிசையில் இடம் எங்கே? அவருக்குத் தெரிந்தது கொஞ்சமன்று. எந்தச் சரக்கை எதன்மீது அடுக்கக் கூடாது, லாரியில் கனமானதை எங்கே வைக்க வேண்டும், ஈரம் பட்ட மூட்டையை எப்படிக் கண்டுபிடிப்பது என்பதெல்லாம் அவருக்கு அத்துப்படி. அதைச் சொல்லும் ஒரு துண்டுக் காகிதம் அவரிடம் இல்லை. அதனால் ஒவ்வொரு கிடங்கிலும் அவர் புதிதாக வந்த உதவியாளராகவே மறுபடி மறுபடி தொடங்குகிறார்.

பிற நாடுகள் இதை எப்படிக் கையாண்டன என்று பார்க்கலாம். அமெரிக்காவில் ஃபோர்க்லிஃப்ட் இயக்குபவருக்கு வகுப்புப் பாடமும் செய்முறைப் பயிற்சியும் அளித்து, சோதித்து, சான்றளித்த பிறகே வண்டியைக் கொடுக்க வேண்டும். மூன்று ஆண்டுகளுக்கு ஒரு முறையேனும் அவருடைய திறனை மறுமதிப்பீடு செய்ய வேண்டும். இது வேலையளிப்பவரின் சட்டக் கடமை. பிரான்ஸில் ஒவ்வொரு தொழிலாளிக்கும் பயிற்சிக்கெனத் தனிக்கணக்கு உண்டு. அதில் ஆண்டுக்கு 500 யூரோ சேர்கிறது. குறைந்த தகுதி உள்ளவருக்கு 800 யூரோ. வேலை மாறினாலும் அந்தக் கணக்கு தொழிலாளியுடனேயே செல்கிறது. அதிகம் தேவைப்படுபவருக்கு அதிகம் தருவது இந்த ஏற்பாட்டின் சிறப்பு.

இயந்திரங்களின் வரவும் இந்த விவாதத்தை அவசரமாக்குகிறது. கிடங்கு ரோபோக்களைத் தயாரித்த கிவா நிறுவனத்தை 2012-இல் அமேசான் 77.5 கோடி டாலருக்கு வாங்கியது. அதே ஆண்டில், தன் கிடங்குத் தொழிலாளர் வேறு தொழிலுக்கான படிப்பைப் படிக்கவும் கட்டணம் செலுத்தும் திட்டத்தை அந்நிறுவனம் தொடங்கியது. நம் நாட்டில் கூலி குறைவு என்பதால் ரோபோக்கள் மெதுவாகவே வரலாம். அந்த இடைவெளி நமக்குக் கிடைத்திருக்கும் அவகாசம். மூட்டை தூக்கியவர் வண்டி ஓட்டுபவராகவும், வண்டி ஓட்டியவர் இயந்திரத்தைப் பராமரிப்பவராகவும், எண்ணிக்கை எடுத்தவர் சரக்குக் கணக்கின் மேற்பார்வையாளராகவும் உயர இந்த அவகாசத்தைப் பயன்படுத்த வேண்டும்.

இதற்குப் புதிய அமைப்புகள் தேவையில்லை. இருப்பவற்றை இணைத்தாலே போதும். முதலாவதாக, பயிற்சி நேரம் ஊதியம் உள்ள வேலைநேரமாக இருக்க வேண்டும். கூலி இழப்புடன் வரும் பயிற்சிக்கு ஆள் வராததைத் தொழிலாளியின் ஆர்வமின்மை என்று சொல்வது நியாயமன்று. இரண்டாவதாக, சான்று தொழிலாளியின் பெயரில் இருக்க வேண்டும். ஒப்பந்ததாரரின் கோப்பில் அன்று. எழுத்துத் தேர்வைவிடச் செய்முறைத் தேர்வுக்கே முதலிடம் தர வேண்டும். மூன்றாவதாக, சான்று பெற்றவருக்கு ஊதியத்தில் ஒரு படி உயர்வு வேண்டும். சட்டத்தில் மாட்டி வைப்பதற்கு மட்டும் உதவும் சான்றுக்கு எவரும் உழைக்க மாட்டார்.

மொழியும் முக்கியம். இன்றைய கிடங்கில் தமிழ்த் தொழிலாளியின் அருகில் ஒடிசா, பிகார், அசாம் மாநிலத் தொழிலாளர் நிற்கிறார்கள். ஆங்கிலத்தில் எழுதிய எச்சரிக்கைப் பலகை இவர்களில் பலருக்கு வெறும் அலங்காரமே. தமிழ், இந்தி, ஒடியா, வங்காளம் எனத் தாய்மொழியில், படங்களோடும் செய்முறையோடும் பாடம் நடத்தினால்தான் அது பாடம். பெண்களையும் பொருள் பொதியும் மேசையோடு நிறுத்திவிடக் கூடாது. ஃபோர்க்லிஃப்ட் இயக்கத் தேவை தோள் வலிமையன்று, கவனமும் பயிற்சியும்தான்.

அரசே முன்மாதிரியாக இருக்கலாம். மத்தியச் சேமிப்புக் கிடங்கு நிறுவனம் 1957-இலும், தமிழ்நாடு சேமிப்புக் கிடங்கு நிறுவனம் 1958-இலும் தொடங்கியவை. இவற்றோடு நுகர்பொருள் வாணிபக் கழகமும் தம் ஒப்பந்தப் புள்ளிகளில் சான்று பெற்ற தொழிலாளரின் குறைந்தபட்ச விகிதத்தையும், ஊதியத்துடன் கூடிய பயிற்சி நாள்களையும் நிபந்தனையாகச் சேர்த்தால், தனியார் கிடங்குகளுக்கும் அது வழிகாட்டும். 1982-ஆம் ஆண்டின் உடலுழைப்புத் தொழிலாளர் சட்டத்தின் வழியே தமிழ்நாட்டில் நலவாரியம் இயங்குகிறது. பதிவு செய்த தொழிலாளரின் பிள்ளைகளின் படிப்புக்கு அது உதவித்தொகை வழங்குகிறது. பிள்ளையின் படிப்புக்குத் தரும் வாரியம், தந்தை அல்லது தாயின் தொழிற்பயிற்சிக்கும் தரலாமே! பயிற்சி நாள்களின் கூலியை வாரியமும் கிடங்கு நிறுவனமும் பகிர்ந்துகொள்ளலாம்.

ஓர் எச்சரிக்கையும் தேவை. பயிற்சி என்பது பாதுகாப்பான பணியிடத்துக்கு மாற்று அன்று. மணிக்கு இத்தனை பெட்டி எடுக்க வேண்டும் என்று எட்டமுடியாத இலக்கு வைத்துவிட்டு, விபத்து நேர்ந்ததும் 'பயிற்சி கொடுத்தோமே' என்று தொழிலாளியின் மீது பழி போட அது பயன்பட்டுவிடக் கூடாது. கலிஃபோர்னியா மாநிலத்தில் 2022 முதல் நடைமுறையில் உள்ள சட்டம், கிடங்குத் தொழிலாளிக்கு வைக்கும் இலக்கை எழுத்தில் தெரிவிக்க வேண்டும் என்கிறது. உணவு இடைவேளையையும் கழிப்பறை செல்வதையும் தடுக்கும் இலக்குகளுக்குத் தடை விதிக்கிறது. முறையாகத் தூக்கக் கற்றுத்தருபவர், முறையாகத் தூக்குவதற்கான நேரத்தையும் தர வேண்டும்.

ஒரு பெட்டி கிடங்குக்குள் நுழைந்தவுடன் அதற்கு ஓர் எண், ஓர் இடம், ஒரு வரலாறு கிடைத்துவிடுகிறது. அது எங்கிருந்து வந்தது, எங்கே போகிறது என்பதை ஒரு நொடியில் சொல்லிவிடலாம். அந்தப் பெட்டியைத் தூக்கி வைத்தவர் எதைக் கற்றார், எதில் தேர்ந்தவர், அடுத்து எங்கே உயரப் போகிறார் என்பதற்கும் ஒரு பதிவு இருக்க வேண்டும். பொருளுக்குக் கொடுத்த மதிப்பை அதைத் தாங்கும் மனிதருக்கும் கொடுக்கும் நாளில்தான் இந்தத் துறை உண்மையில் நவீனமாகும்.