குழாய்த் தண்ணீரும் இரண்டு ஆதித்யாக்களும்



எங்கள் சமண வீடுகளில் குழாய் வாயில் வெள்ளைத் துணி கட்டித்தான் குடிநீர் பிடிப்பது வழக்கம். நீரில் வாழும் சிற்றுயிர்களுக்குத் தீங்கு நேரக்கூடாது என்பது அதன் நோக்கம். ஆனால் அந்தக் குழாயை உற்றுப் பார்த்தால் இன்னொரு விஷயமும் தெரியும். துணி இல்லாமல் முழுக்கத் திறந்தால் தண்ணீர் முறுக்கிக்கொண்டு, சிதறிக்கொண்டு, சத்தத்தோடு விழுகிறது. துணி கட்டினால் சாந்தமாக இறங்குகிறது. தண்ணீர் அதே தண்ணீர்தான். அதற்குள் இருந்த ஆட்டம் எங்கே போயிற்று?

இந்தச் சின்னக் கேள்வியைப் பிடித்துக்கொண்டு போனால் அது நம்மைச் சூரியன் வரைக்கும் கொண்டுபோய் விடும். நாம் பிழைக்க வந்த இந்தக் குஜராத்தில், அகமதாபாத்திலிருந்து காந்திநகர் போகும் வழியில், பாட் கிராமத்தில் இருக்கும் பிளாஸ்மா ஆராய்ச்சி நிறுவனத்தின் வாசலிலும் கொண்டுபோய் நிறுத்தும். நான் கல்லூரி வாசலை மிதித்தவன் அல்ல. கடைக்கணக்கு முடித்த பிறகு இரவில் படித்துத் தெரிந்துகொண்டதை, நம் வீட்டுப் பிள்ளைகளுக்கும் புரிகிற மாதிரி எழுத முயல்கிறேன்.

சீரோட்டமும் கொந்தளிப்பும்

பூஜையறையில் ஊதுபத்தி ஏற்றி வைத்தால், காற்று அடங்கிய வேளையில், புகை முதலில் நூல் பிடித்தாற்போல் நேராக எழும்பும். கொஞ்சம் உயரம் போனதும் நெளியும். பிறகு சுருள் சுருளாகக் கலைந்துபோகும். நேராக எழும்புவது சீரோட்டம். கலைந்து சுழல்வது கொந்தளிப்பு. ஒன்று மற்றொன்றாக மாறும் இடம் எது?

இங்கிலாந்தில் மான்செஸ்டர் நகரில் ஆஸ்பார்ன் ரெனால்ட்ஸ் என்ற பேராசிரியர் 1883இல் இதற்கு விடை கண்டார். கண்ணாடிக் குழாயில் தண்ணீரை ஓடவிட்டு, நடுவில் சாயத்தை மெல்லிய இழையாகச் செலுத்தினார். தண்ணீர் மெதுவாக ஓடும்வரை சாயம் ஒரே கோடாகப் போயிற்று. வேகத்தைக் கூட்டியபோது, ஓர் எல்லைக்கு மேல், சாயம் குழாய் முழுவதும் கலந்துவிட்டது. வேகத்தையும் குழாயின் விட்டத்தையும் பெருக்கி, திரவத்தின் பிசுபிசுப்பால் வகுத்தால் ஒரு எண் வரும். அதற்கு ரெனால்ட்ஸ் எண் என்று பெயர். குழாயில் அது சுமார் 2,000க்குக் கீழே இருந்தால் சீரோட்டம். அதற்கு மேலே போகப் போகக் கொந்தளிப்பு.

நம் வீட்டுக் கணக்கையே போட்டுப் பார்க்கலாம். அரை அங்குலக் குழாயில் 15 லிட்டர் வாளி 3 நிமிடத்தில் நிரம்புகிறது என்றால் ரெனால்ட்ஸ் எண் 7,000க்குக் குறையாது. உள்ளே முழுக் கொந்தளிப்பு. அதே வாளி நிரம்பக் கால்மணி நேரம் ஆகும்படி திருகினால் எண் 2,000க்குக் கீழே இறங்கிவிடும். தண்ணீர் கண்ணாடிக் கம்பி போல் விழும்.

கொந்தளிப்பு என்றதும் கெட்டது என்று நினைத்துவிட வேண்டாம். தேநீரில் சர்க்கரை போட்டுக் கலக்காமல் வைத்தால், அது தானாகக் கோப்பை முழுவதும் பரவ வாரக்கணக்கில் ஆகும். ஸ்பூனால் நாலு சுற்று சுற்றினால் சில நொடியில் வேலை முடிகிறது. ஸ்பூன் சர்க்கரையைச் சுமக்கவில்லை. ஸ்பூன் கிளப்பிய சுழல்கள்தான் சுமந்தன.

மொத்தமும் சில்லறையும்

சரி, ஸ்பூனை எடுத்த பிறகு அந்தச் சுழல்கள் என்ன ஆகின்றன? எங்கள் வியாபாரத்தில் மொத்த வியாபாரி மூட்டையாகக் கொடுக்கிறான். அடுத்தவன் கிலோவாகப் பிரிக்கிறான். சில்லறைக் கடைக்காரன் நூறு கிராமாகக் கட்டுகிறான். கொந்தளிப்பிலும் இதே கதைதான். பெரிய சுழல் தன் ஆற்றலைச் சற்றுச் சிறிய சுழல்களுக்குக் கொடுத்து உடைகிறது. அவை இன்னும் சிறியவற்றுக்குக் கொடுக்கின்றன. கடைசியில் மிகச் சின்னச் சுழலைத் திரவத்தின் பிசுபிசுப்பு விழுங்கிவிடுகிறது. ஆற்றல் வெப்பமாகிறது. இந்தப் படிவரிசையை 1922இல் இங்கிலாந்தின் லூயிஸ் ரிச்சர்ட்சன் எடுத்துச் சொன்னார். எந்த அளவுச் சுழலில் எவ்வளவு ஆற்றல் இருக்கும் என்ற கணக்கை 1941இல் ரஷ்யாவின் கோல்மகோரோவ் வகுத்தார்.

இதில் நாம் மனத்தில் வைக்க வேண்டியது ஒன்று: சுமை தூக்குவது பெரிய சுழல். சின்னச் சுழல் அதிக தூரம் எதையும் கொண்டுபோகாது. சீக்கிரம் அடங்கியும் விடும். இப்போது குழாய்த் துணிக்கு வருவோம். நெசவின் கண்கள் மிகச் சிறியவை. பெரிய சுழல் அதில் நுழைய முடியாது. உடைந்து பொடியாகித்தான் வெளியே வரும். வந்ததும் பிசுபிசுப்பில் அடங்கிவிடும். விமான மாதிரிகளைச் சோதிக்கும் காற்றுச் சுரங்கங்களிலும் இதற்காகவே வலைகளைக் கட்டியிருக்கிறார்கள்.

இவ்வளவு தெரிந்தும், நீர் ஓட்டத்தின் சமன்பாடுகள் இன்னும் முழுமையாகப் பிடிபடவில்லை. பிரான்சின் நேவியரும் இங்கிலாந்தின் ஸ்டோக்ஸும் 19ஆம் நூற்றாண்டிலேயே எழுதி வைத்தவை அவை. அவற்றுக்கு எப்போதும் ஒழுங்கான தீர்வு உண்டா என்று நிரூபிப்பவருக்குப் பத்து லட்சம் டாலர் பரிசு என அமெரிக்காவின் கிளே கணித நிறுவனம் 2000இல் அறிவித்தது. பரிசு இன்றும் அப்படியே இருக்கிறது.

மின்சாரம் பாயும் காற்று

திடம், திரவம், வாயு என்று மூன்று நிலைகளைப் பள்ளியில் படித்தோம். வாயுவை மேலும் மேலும் சூடாக்கினால் அணுக்களிலிருந்து எலக்ட்ரான்கள் பிரிந்து, மின்னூட்டம் கொண்ட துகள்களின் கூட்டமாகிவிடும். அதுதான் பிளாஸ்மா. மின்னல், எரியும் டியூப்லைட்டின் உட்புறம், சூரியன் எல்லாம் பிளாஸ்மாதான். தண்ணீரில் ஒரு துளி தன் பக்கத்துத் துளியைத்தான் தள்ளும். பிளாஸ்மாவிலோ துகள்கள் மின்புலத்தாலும் காந்தப்புலத்தாலும் தூரத்திலிருந்தே ஒன்றையொன்று இழுக்கும், தள்ளும். ஆகவே இங்கே சுழல்களோடு காந்தக் கோடுகளும் சேர்ந்து முறுக்கிக்கொள்கின்றன.

இந்தத் துறையில் நம்மவர் ஒருவரின் பெயர் பெரிய எழுத்தில் இருக்கிறது. தமிழ்க் குடும்பத்தில் 1910இல் லாகூரில் பிறந்து, சென்னை மாநிலக் கல்லூரியில் படித்த சுப்பிரமணியன் சந்திரசேகர்தான் அவர். நட்சத்திர ஆராய்ச்சிக்காக 1983இல் நோபல் பரிசு பெற்றவர் என்பது எல்லோருக்கும் தெரியும். 1950ஐ ஒட்டிய ஆண்டுகளில் அவர் கொந்தளிப்பைப் பற்றியும், காந்தப்புலம் கலந்த கொந்தளிப்பைப் பற்றியும் ஆராய்ந்தது பலருக்குத் தெரியாது. பாய்மங்கள் எப்போது நிலைகுலையும் என்பதைப் பற்றி அவர் 1961இல் வெளியிட்ட பெரிய நூலை இன்றும் படிக்கிறார்கள்.

அவர் செய்த இன்னொரு உதவியையும் சொல்ல வேண்டும். சூரியனிலிருந்து ஓயாமல் ஒரு பிளாஸ்மாக் காற்று வீசுகிறது என்று யூஜின் பார்க்கர் என்ற இளைஞர் கட்டுரை எழுதினார். மதிப்பீட்டாளர்கள் இருவரும் அதை நிராகரித்தார்கள். பத்திரிகையின் ஆசிரியராக இருந்த சந்திரசேகர், கணக்கில் பிழை இல்லை என்று கண்டு 1958இல் வெளியிட்டார். 1962இல் மாரினர்-2 விண்கலம் அந்தக் காற்றை நேரில் அளந்து காட்டியது. நொடிக்குச் சுமார் 400 கிலோமீட்டர் வேகம்; பூமிக்கு வந்து சேர நாலு நாள்.

அந்தக் காற்றும் கொந்தளிப்பானதுதான். வெளியே பரவப் பரவ அது எவ்வளவு ஆற வேண்டுமோ அவ்வளவு ஆறுவதில்லை. பெரிய சுழல் சிறிதாக உடைந்து கடைசியில் வெப்பமாகும் அந்தச் சில்லறை வியாபாரம் வழியெல்லாம் நடப்பது இதற்கு முக்கியக் காரணம். இந்தக் காற்றை அளக்க 2023 செப்டம்பர் 2இல் ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து ஆதித்யா-எல்1 புறப்பட்டது. பூமியிலிருந்து 15 லட்சம் கிலோமீட்டர் தள்ளி, 2024 ஜனவரியில் தன் இடத்தில் நிலைகொண்டது. திட்ட இயக்குநர் செங்கோட்டையைச் சேர்ந்த நிகர் ஷாஜி. சூரியக் காற்றின் துகள்களை எண்ணும் கருவிகளில் ஒன்றைச் செய்தது நம் அகமதாபாத்தின் இயற்பியல் ஆய்வகம். இது முதல் ஆதித்யா.

ஓட்டைப் பாத்திரம்

இரண்டாவது ஆதித்யா, வயதில் மூத்தது, பாட் கிராமத்தில் இருக்கிறது. 1989இல் இயங்கத் தொடங்கிய டோகாமாக் இயந்திரம் அது. டோகாமாக் என்றால் மெதுவடை வடிவில் ஒரு வெற்றிடப் பாத்திரம். அதைச் சுற்றிக் காந்தச் சுருள்கள். சூரியனுக்குள் நடப்பது போல் லேசான அணுக்கருக்களை இணைத்து ஆற்றல் எடுப்பதுதான் இத்தகைய இயந்திரங்களின் நெடுநாள் கனவு. அதற்குப் பிளாஸ்மாவைப் பத்துக் கோடி டிகிரிக்கும் மேலே சூடாக்க வேண்டும். எந்த உலோகமும் அதைத் தாங்காது என்பதால் காந்தப்புலத்தாலேயே பிடித்து வைக்கிறார்கள்.

துகள்கள் காந்தக் கோட்டைச் சுற்றிச் சுற்றியே போகும்; எளிதில் விட்டு விலகாது. மோதல்களால் மட்டுமே வெப்பம் கசியும் என்று கணக்கிட்டால், சிறிய இயந்திரமே போதும் போலத் தோன்றியது. ஆனால் அளந்து பார்த்தபோது வெப்பம் கணக்கைவிடப் பல மடங்கு வேகமாக வெளியேறியது. எலக்ட்ரான்கள் வழியாகப் போகும் வெப்பம் பத்து முதல் நூறு மடங்கு. சரக்கு இருப்பில் இப்படிக் குறைந்தால் கடையை மூட வேண்டியதுதான்!

திருடன் யார்? நம் தேநீர்க் கோப்பையில் பார்த்த அதே ஆள்தான். நடுவில் பத்துக் கோடி டிகிரி, ஒரு மீட்டர், இரண்டு மீட்டர் தள்ளிக் குளிர்ந்த சுவர். இவ்வளவு பெரிய வித்தியாசம் இருந்தால் பிளாஸ்மா சும்மா இருக்குமா? சுழல்கள் கிளம்பி, உள்ளிருக்கும் வெப்பத்தை வெளியே சுமந்து போகின்றன. நம் ஆதித்யாவின் விளிம்பில் இந்த ஏற்ற இறக்கங்களை அளந்த இந்திய விஞ்ஞானிகள், அவை ஒரே சீராக இல்லாமல் விட்டு விட்டு வெடிப்பாக வருகின்றன என்று 1992இல் உலகுக்குக் காட்டினார்கள். பிரதிமன் கிருஷ்ண காவ் தலைமையில் வளர்ந்த நிறுவனம் அது. விளிம்பில் கசிவு எப்படி நடக்கிறது என்பதை அறிய அந்த வேலை உலகம் முழுவதும் உதவியது.

பிளாஸ்மாவுக்கு ஒரு துணி

இந்த இருட்டில் ஒரு வெளிச்சம் 1982இல் வந்தது. ஜெர்மனியின் மியூனிக் அருகே கார்ஹிங்கில் ஃப்ரிட்ஸ் வாக்னர் ஆஸ்டெக்ஸ் இயந்திரத்தில் சோதனை செய்துகொண்டிருந்தார். வெப்பமூட்டும் சக்தியை ஓர் எல்லைக்கு மேல் கூட்டியதும், பிளாஸ்மா திடீரென்று அமைதியாகி, வெப்பத்தை ஏறத்தாழ இரண்டு மடங்கு நேரம் பிடித்து வைத்தது. யாரும் எதிர்பார்க்கவில்லை. காரணம் பிறகுதான் புரிந்தது. விளிம்பில் அடுத்தடுத்த அடுக்குகள் வெவ்வேறு வேகத்தில் ஓடத் தொடங்குகின்றன. அவற்றுக்கு நடுவே சிக்கும் பெரிய சுழல், உள்ளங்கைகளுக்கு நடுவே தேய்க்கப்பட்ட மாவு போல் நீண்டு, கிழிந்து, பொடியாகிறது. குழாய்த் துணி செய்த வேலையேதான்!

இன்னும் ஓர் அதிசயம். அந்தத் துணியின் ஒரு பங்கைக் கொந்தளிப்பே நெய்துகொள்கிறது. சுழல்கள் தங்கள் ஆற்றலில் ஒரு பகுதியைப் பட்டையான ஓட்டங்களுக்குக் கொடுக்கின்றன. அந்த ஓட்டங்கள் திரும்பிவந்து சுழல்களையே அடக்குகின்றன. வியாழன் கிரகத்தின் படத்தில் குறுக்கே பட்டை பட்டையாகத் தெரியுமே, அதுவும் இந்த ரகம்தான். ஜப்பானியர்களான ஹசேகவாவும் மிமாவும் 1978இல் பிளாஸ்மாவுக்கு எழுதிய சமன்பாடு, சார்னி என்ற வானிலை அறிஞர் 1948இல் காற்று மண்டலத்துக்கு எழுதியதன் வடிவத்திலேயே அமைந்திருந்தது. ஒரே பொருளைப் பல கோணங்களில் பார்க்கச் சொல்லும் எங்கள் அநேகாந்தக் கொள்கை இதைப் படித்தபோது என் நினைவுக்கு வந்தது.

கசிவை முழுக்க அடைத்துவிடலாமே என்று கேட்கலாம். அதுவும் ஆகாது. இணைவில் உண்டாகும் ஹீலியம் சாம்பலும் சுவரிலிருந்து வரும் அழுக்கும் உள்ளேயே தேங்கி நெருப்பை அணைத்துவிடும். வெப்பம் தங்க வேண்டும், சாம்பல் வெளியேற வேண்டும். அளவறிந்து கசியவிடுவதில்தான் சாமர்த்தியம்.

வரவும் செலவும்

இங்கிலாந்தின் ஜெட் இயந்திரம் 2023 அக்டோபரில் 69 மெகாஜூல் இணைவு ஆற்றல் தந்தது. நம் மின்சாரக் கணக்கில் சுமார் 19 யூனிட். அதற்குச் செலவான எரிபொருள் ஒரு மில்லிகிராமில் ஐந்தில் ஒரு பங்குதான். ஆனால் சூடாக்கக் கொடுத்த ஆற்றல் அதைவிட அதிகம். வரவைவிடச் செலவு கூட! இதை மாற்றத்தான் தெற்கு பிரான்சில் ஈட்டர் இயந்திரத்தை ஏழு தரப்பினர் சேர்ந்து கட்டுகிறார்கள். அதில் இந்தியாவும் ஒன்று. 50 மெகாவாட் வெப்பம் கொடுத்து 500 மெகாவாட் எடுப்பது குறிக்கோள். அதைச் சூழும் சுமார் 30 மீட்டர் உயரக் குளிர்கலத்தின் பாகங்கள் நம் குஜராத்தின் ஹசீராவில் தயாரானவை. 2024இல் வெளியிட்ட திருத்திய அட்டவணைப்படி ஆராய்ச்சி 2034இல் தொடங்கும்.

ஈட்டர் ஏன் இவ்வளவு பெரியது? ஏன் இவ்வளவு செலவு? கொந்தளிப்பால்தான். சுழல்கள் வெப்பத்தை வெளியே கொண்டுவரும் பாதை நீளமானால் வெப்பம் அதிக நேரம் தங்கும். அதற்காகவே இயந்திரத்தைப் பெரிதாக்க வேண்டியிருக்கிறது. சுழலை உடைக்கும் வித்தையில் ஒரு படி முன்னேறினால் இயந்திரம் அந்த அளவுக்குச் சிறியதாகும், மின்சாரம் அந்த அளவுக்கு மலிவாகும். நம் பேரப்பிள்ளைகள் வீட்டு விளக்கு எந்த விலைக்கு எரியும் என்பதில் இந்தக் கணக்குக்கும் பங்கு இருக்கிறது.

சமன்பாடு இன்னும் முழுதாகப் பிடிபடவில்லை, பரிசு காத்திருக்கிறது, பாட் கிராமமும் பக்கத்தில்தான் இருக்கிறது. நம் சங்கத்துப் பிள்ளைகளில் யாராவது ஒருவர் அந்த வாசலுக்குள் நுழைய வேண்டும் என்பது என் ஆசை. அதுவரை, நாளைக் காலையில் குழாயைத் திறக்கும்போது ஒரு நிமிடம் நின்று பாருங்கள். பிறகு ஒரு துணியைக் கட்டிப் பாருங்கள்.